பாட்டிலில் துளிர்த்தது தொட்டியில் ஏன் வாடுகிறது?

மணி பிளான்ட் கொடியை ஒடித்துத் தண்ணீரில் போட்டால் வேர் வந்துவிடும். இது எல்லோருக்கும் தெரியும். அதே செடியை மண்ணுக்கு மாற்றிய பத்தே நாளில் இலை பழுத்துத் தண்டு அழுகிப்போவதும் பல வீடுகளில் பழகிய கதை. தவறு எங்கே நடக்கிறது? மாற்றப் பயந்து பாட்டிலிலேயே விட்டுவைத்தால் என்ன ஆகும்? செட்டிநாட்டு வீடுகளை முன்வைத்து ஒரு பார்வை.

முற்றத்தில் வெயில் இன்னும் இறங்கவில்லை. வளவின் தூண் நிழலில், ஆத்தங்குடிக் கல் பதித்த தரையோரமாக ஐந்தாறு பாட்டில்கள் நிற்கின்றன. ஒன்று பழைய ஹார்லிக்ஸ் பாட்டில். ஒன்று ஊறுகாய் ஜாடி. மற்றவை கழுத்தை வெட்டி எடுத்த தண்ணீர் பாட்டில்கள். எல்லாவற்றிலும் பச்சையும் மஞ்சளும் கலந்த இலைகளோடு மணி பிளான்ட். உள்ளே வெள்ளை வேர்கள் போக இடமில்லாமல் அடியில் சுருண்டு கிடக்கின்றன.

“ஆச்சி, வேர் எம்புட்டு நீளம் போயிருச்சு பாத்தீகளா? தொட்டியில வச்சிரவா?” கையில் துடைப்பத்தோடு வேலைக்கு வந்த பெண் கேட்கிறார்.

“வேணாம்த்தா. போன தடவை மாத்துனது அம்புட்டும் பழுத்துப்போச்சுல்ல. தண்ணியிலயே கெடக்கட்டும்.”

செட்டிநாட்டுப் பள்ளத்தூரில் இப்படி ஒரு பேச்சைக் கேட்பது அரிதல்ல. காரைக்குடிக்கு வடக்கே, கானாடுகாத்தானுக்கும் கோட்டையூருக்கும் பக்கத்தில் இருக்கும் ஊர் இது. முருகப்பா குழுமத்தின் பூர்வீகம். மனோரமாவை ‘பள்ளத்தூர் பாப்பா’ என்று நாடக மேடைக்குத் தந்ததும் இந்த ஊர்தான். ஒரு தெருவிலிருந்து அடுத்த தெருவரை நீளும் வீடுகள், முகப்பு, வளவு, இரண்டாங்கட்டு என்று அடுக்கடுக்காகப் போகும் கட்டுகள், நடுவே வானம் பார்த்த முற்றம். ஆனால் அந்த முற்றத்தில் கல்தான் பாவியிருக்கும், மண் இருக்காது. கூரைச் சரிவில் இறங்கும் மழைநீரை அண்டாவில் பிடிப்பதற்காகத் திட்டமிட்ட இடம் அது. வீட்டுக்குள் பச்சை வேண்டுமென்றால் தொட்டி வேண்டும், அல்லது பாட்டில் வேண்டும். பாட்டிலில் வைப்பது சுலபம் என்பதால் அதுவே நிலைத்துவிட்டது.

அந்தச் சுலபம் பாதி தூரத்துக்குத்தான் வரும். வேர் விடவைப்பதில் செடியே நமக்காக உழைக்கிறது. நம் கவனம் தேவைப்படுவது அதற்குப் பிறகு. அந்த இடத்தில்தான் பெரும்பாலானவர்கள் செடியைக் கைவிடுகிறார்கள். சிலர் அவசரத்தில் கைவிடுகிறார்கள், சிலர் பயத்தில்.

பூக்காத கொடி, உலகம் சுற்றிய கதை

மணி பிளான்ட்டின் சொந்த ஊர் பசிபிக் பெருங்கடலில் உள்ள மூரியா என்ற சிறு தீவு. 1880-இல் ஐரோப்பியத் தாவரவியலாளர்கள் அதற்கு முதன்முதலாக அறிவியல் பெயர் சூட்டினார்கள். இன்று அது இல்லாத நாடு குறைவு. இத்தனை தூரம் அது விதை வழியாகப் போகவில்லை. இந்தக் கொடி அநேகமாகப் பூப்பதே இல்லை. தானாகப் பூத்ததாகக் கடைசியாகப் பதிவானது 1964-இல். ஏன் பூப்பதில்லை என்பதற்கு விடை 2016-இல் கிடைத்தது. பூப்பதற்கான சமிக்ஞையைக் கொடுக்கும் ஜிப்ரெலின் என்ற ஹார்மோனை இந்தச் செடியால் போதிய அளவு தயாரிக்க முடியவில்லை, அதற்கான மரபணு சரியாக இயங்கவில்லை என்று ஆய்வாளர்கள் கண்டுபிடித்தார்கள். அந்த ஹார்மோனை வெளியிலிருந்து தெளித்ததும் செடி பூத்தது.

அப்படியென்றால் பள்ளத்தூர் வளவில் இருக்கும் கொடியும், சென்னை அடுக்குமாடி பால்கனியில் தொங்கும் கொடியும், கோலாலம்பூர் உறவினர் வீட்டில் சுவரேறிய கொடியும் யாரோ ஒருவர் ஒடித்துக் கொடுத்த துண்டுகளிலிருந்து வந்தவைதான். பக்கத்து வீட்டில் சொல்லாமல் ஒடித்து வந்து வைத்தால்தான் செல்வம் பெருகும் என்றொரு நம்பிக்கை நம் ஊர்களில் உண்டு. நம்பிக்கையின் பலன் எப்படியோ, செடிக்கு அதனால் லாபம்.

கணுவில்தான் உயிர்

துண்டிலிருந்து செடி எடுப்பது தமிழ்நாட்டுக்குப் புதிதல்ல. கரும்பைக் கரணை போட்டு நடுகிறோம். மரவள்ளிக்கும் கரணைதான். முருங்கையைப் போத்து வெட்டி ஊன்றுகிறோம். கிளுவைப் போத்துகளே வேலியாக எழுந்து நிற்கின்றன. வெற்றிலைக் கொடிக்காலில் விதைக்கு வேலையே இல்லை, முழுக்கக் கொடித்துண்டுதான். மல்லிகையைப் பதியன் போடாத தோட்டக்காரர் கிடையாது. பள்ளத்தூர்க்காரர்களின் முருகப்பா குழுமம் 1981-இல் ஈ.ஐ.டி. பாரி நிறுவனத்தைக் கையில் எடுத்தபோது, அதோடு வந்த நெல்லிக்குப்பம் சர்க்கரை ஆலையைச் சுற்றியிருந்த வயல்களின் கரும்பும் கரணையில் முளைத்ததுதான்.

கரணையில் கணு இல்லாவிட்டால் முளைக்காது என்பது கரும்பு விவசாயிக்குத் தெரியும். மணி பிளான்ட்டிலும் சூட்சுமம் அதே கணுதான். இலைக்காம்பு தண்டோடு சேரும் இடத்தில் ஒரு புடைப்பு இருக்கும். அதன் எதிர்ப்பக்கத்தில் பழுப்பு நிறத்தில் சிறு மொட்டுப்போல் துருத்திக்கொண்டிருப்பது காற்று வேர். அந்தக் கணு தண்ணீருக்குள் இருந்தால் ஒன்றிரண்டு வாரத்தில் வேர் நீளும். கணு இல்லாமல் இலையை மட்டும் காம்போடு வைத்தால், சில நேரம் வேர்கூட வரும். ஆனால் அதிலிருந்து புதுக்கொடி கிளம்பாது, ஏனென்றால் கிளம்புவதற்கான மொட்டு கணுவில்தான் இருக்கிறது. மாதக்கணக்கில் ஒற்றை இலையோடு நிற்கும் பாட்டில்களின் ரகசியம் இதுதான்.

கொடியின் நுனியிலும் இளம் இலைகளிலும் உண்டாகும் ஆக்சின் என்ற ஹார்மோன் தண்டு வழியாகக் கீழே இறங்குகிறது. வெட்டிய இடத்துக்கு வந்ததும் மேற்கொண்டு போக வழியில்லாமல் அங்கேயே சேர்கிறது. அந்தச் சேர்க்கைதான் வேர் விடச் சொல்லும் கட்டளை. டச்சு ஆய்வாளர் ஃபிரிட்ஸ் வென்ட் 1920-களில் இந்தப் பொருளைத் தனியாகப் பிரித்துக் காட்டினார். நர்சரிகளில் விற்கும் வேர் ஊக்கப் பொடி அதன் செயற்கை வடிவம். மணி பிளான்ட்டுக்கு அந்தப் பொடி தேவையே இல்லை. வேரின் கரு கணுவில் முன்கூட்டியே உட்கார்ந்திருக்கிறது.

▪ பெட்டிச் செய்தி: தண்ணீருக்கு எது, மண்ணுக்கு எது?

தண்ணீரில் எளிதாக வேர் விடுபவை: மணி பிளான்ட், சிங்கோனியம், பிலோடென்ட்ரான், கோலியஸ், புதினா, கற்பூரவல்லி, துளசியின் இளங்கிளை.

பொறுமை வேண்டியவை: ரப்பர் செடி, இசட் இசட் பிளான்ட். மாதங்கள் ஆகலாம்.

நேரடியாக மண்ணுக்கோ மணலுக்கோ போக வேண்டியவை: முருங்கைப் போத்து, ரோஜாக் குச்சி. கள்ளி வகைகளை வெட்டினால் வெட்டுவாயை நிழலில் சில நாள் உலரவிட்டுப் பிறகு ஊன்ற வேண்டும். தண்ணீரில் வைத்தால் அழுகும்.

வீண் முயற்சி: கறிவேப்பிலைக் குச்சியைத் தண்ணீரில் வைப்பது. அது விதையிலும் வேரடிக் கன்றிலும்தான் நன்றாக வரும்.

ஏமாற்றும் செடி: மஞ்சள் கரையிட்ட பாம்புக் கற்றாழை. இலையை வெட்டி வேர்விட வைத்தால் வரும் புதுக்கன்றில் மஞ்சள் கரை இருக்காது. அந்தக் கரை வேறு மரபணு கொண்ட தனி அடுக்குச் செல்களால் ஆனது, இலைத்துண்டிலிருந்து கிளம்பும் கன்றில் அந்த அடுக்கு சேர்வதில்லை. கரை வேண்டுமானால் கிழங்கைப் பிரித்துத்தான் நட வேண்டும்.

தண்ணீர் வேர் வேறு, மண் வேர் வேறு

பாட்டிலில் தெரியும் வெள்ளை வேரைப் பார்த்து, இது அப்படியே மண்ணிலும் வேலை செய்யும் என்று நினைப்பதில்தான் தவறு தொடங்குகிறது.

மண்ணில் வளரும் வேரின் நுனிக்குச் சற்று மேலே நுண்ணிய தூவிகள் அடர்ந்திருக்கும். மண்துகள்களுக்கு இடையே புகுந்து, ஒவ்வொரு துகளிலும் ஒட்டியிருக்கும் ஈரத்தை உறிஞ்சுவது அவைதான். தண்ணீரில் பிறந்த வேருக்கு அந்தக் கஷ்டம் இல்லை. நாலாபக்கமும் தண்ணீர் சூழ்ந்திருப்பதால் தூவிகள் குறைவாகவே உண்டாகும். மாறாக அதற்கு வேறொரு நெருக்கடி உண்டு: மூச்சு. தண்ணீரில் ஆக்சிஜன் பரவும் வேகம் காற்றில் பரவுவதைவிடச் சுமார் பத்தாயிரம் மடங்கு குறைவு. அதனால் தண்ணீரில் வளரும் பல செடிகளின் வேர்கள் உள்ளே காற்றறைகளை அமைத்துக்கொண்டு, மேலேயிருந்து காற்றைக் கீழே இறக்குகின்றன. நெற்பயிர் சேற்றில் நின்று பிழைப்பதும் இந்த வித்தையால்தான். இப்படி உண்டாகும் வேர் மென்மையானது, சட்டென்று முறியும்.

இந்த வேரை மண்ணுக்கு மாற்றும்போது என்ன நடக்கிறது? தண்ணீரிலிருந்து எடுத்ததும் வேர்கள் ஒன்றோடொன்று ஒட்டிக் கற்றையாகின்றன. அப்படியே குழியில் திணித்து மண்ணை அழுத்தினால் பாதி முறிகிறது. முறியாத வேர்களும் மண்துகளைப் பற்ற முடியாமல் தவிக்கின்றன. இலைகளோ வழக்கம்போல ஆவியை வெளியேற்றிக்கொண்டே இருக்கின்றன. வரவு குறைந்து செலவு தொடர்வதால் செடி தொய்கிறது. தொய்ந்த செடியைப் பார்த்ததும் நாம் தண்ணீரை ஊற்றுகிறோம், மறுநாளும் ஊற்றுகிறோம். மண்ணில் இருந்த காற்றிடைவெளி எல்லாம் நிரம்பிவிடுகிறது. பாட்டில் தண்ணீரையாவது மாற்றுவோம், சேறான தொட்டியில் அதுவும் இல்லை. வேர் மூச்சுமுட்டி அழுகுகிறது. அழுகிய வேரால் தண்ணீர் எடுக்க முடியாததால் மேலே இலை மறுபடியும் தொய்கிறது. காய்ந்துபோனதோ என்று நினைத்து மேலும் ஊற்றுகிறோம்.

பத்து நாளில் பழுத்துப்போனதன் காரணம் பெரும்பாலும் இந்தச் சுழல்தான். செட்டிநாட்டில் வெப்பமும் சேர்ந்துகொள்கிறது. 20 டிகிரி வெப்பத்தில் ஒரு லிட்டர் தண்ணீரில் சுமார் 9 மில்லிகிராம் ஆக்சிஜன் கரைந்திருக்கும். 30 டிகிரியில் அது 7.5 ஆகக் குறையும். 40 டிகிரியை நெருங்கினால் 6.5-க்கும் கீழே போய்விடும். சித்திரை வெயிலில் சிமென்ட் தரையில் நிற்கும் பாட்டிலில் வேர் கொழகொழத்து நாற்றமெடுப்பது இதனால்தான். அங்கே செடியும் நுண்ணுயிர்களும் அந்தக் கொஞ்ச ஆக்சிஜனுக்கே போட்டியிடுகின்றன.

மாற்ற வேண்டிய நேரம் எது?

வேர் பாட்டிலை நிறைக்கட்டும் என்று காத்திருப்பவர்கள் அதிகம். அதுதான் பெரிய தாமதம். வேர் ஓர் அங்குலத்திலிருந்து இரண்டு அங்குலம் நீண்டதும், அதில் சின்னச் சின்னக் கிளைவேர்கள் அரும்பும்போதே மாற்றிவிடுவது நல்லது. இளம் வேர் முறிந்தாலும் நஷ்டம் கொஞ்சம்தான், மண்ணுக்கேற்ற புது வேரை விரைவாக விட்டுவிடும். ஓர் அடி நீண்ட தண்ணீர் வேர்களை நம்பி நிற்கும் பெரிய கொடிக்கு அந்த மாற்றம் பெரிய அதிர்ச்சி.

தொட்டி சின்னதாக இருக்கட்டும். உள்ளங்கை அகலம் போதும். இத்தனூண்டு செடிக்குப் பெரிய தொட்டி கொடுத்தால், வேர் எட்டாத மண்ணெல்லாம் ஈரத்தைப் பிடித்துவைத்துக்கொண்டு அழுகலுக்கு வழிவிடும். அடியில் துளை இல்லாத அலங்காரத் தொட்டிகளை இந்தக் கட்டத்தில் தொடவே கூடாது.

மண் விஷயத்தில் பள்ளத்தூர்ச் சுற்றுவட்டாரத்துக்கென்று ஒரு சிக்கல் உண்டு. செம்மண்ணும் சரளையும் கலந்த பூமி இது. வெறும் செம்மண்ணைத் தொட்டியில் நிரப்பினால் முதல் சில தண்ணீரிலேயே இறுகிக் கட்டியாகிவிடும், வேர் நுழைய இடைவெளி இருக்காது. அதோடு மணலும் மக்கிய தொழுவுரமும் தென்னைநார்க் கழிவும் கலந்தால் மண் பொலபொலவென்று நிற்கும். நார்க்கழிவு தேடி வெகுதூரம் போக வேண்டாம். சிவகங்கை மாவட்டத்துச் சிங்கம்புணரியே கயிற்றுத் தொழிலுக்குப் பேர்போன ஊர். ஒரு எச்சரிக்கை: புதிய நார்க்கழிவில் உப்பு அதிகமாக இருக்கும். இரண்டு மூன்று தண்ணீரில் அலசிப் பிழிந்த பிறகே பயன்படுத்த வேண்டும்.

நடும் விதத்திலும் நிதானம் தேவை. தொட்டியில் பாதி மண் போட்டு, செடியை ஒரு கையால் தூக்கிப் பிடித்து, வேர்களை விரித்துவிட்டு, மறுகையால் மண்ணைச் சிறிது சிறிதாகத் தூவ வேண்டும். அழுத்தக் கூடாது. கணு மண்ணுக்குள் இருக்க வேண்டும். நட்டதும் அடித்துளை வழியே வடியும்வரை ஒருமுறை நன்றாக ஊற்றினால் மண் தானாகவே வேரோடு ஒட்டிக்கொள்ளும்.

அடுத்த பத்து நாள்தான் முக்கியம். தண்ணீரில் பழகிய வேர் என்பதால் முதல் வாரம் மண் காயவே கூடாது, அதே நேரம் சொதசொதவென்றும் இருக்கக் கூடாது. விரலை ஒரு அங்குலம் நுழைத்துப் பார்த்து ஈரம் குறைந்தால் மட்டும் ஊற்ற வேண்டும். இரண்டாவது வாரத்திலிருந்து இடைவெளியைக் கூட்டலாம். செடியின் மேல் துளையிட்ட பாலிதீன் பையைக் கவிழ்த்துவைத்தால் இலையிலிருந்து ஆவி போவது குறையும். வெளிச்சம் உண்டு, நேர்வெயில் இல்லை என்ற இடம் வேண்டும். வளவுத் தூண் ஓரம் இதற்கென்றே அமைந்த இடம். ஒரு மாதத்துக்கு உரம் வேண்டாம். அடியிலிருக்கும் ஓரிரு பழைய இலைகள் மஞ்சளாகி உதிர்ந்தால் கலங்க வேண்டியதில்லை. வேர் பிடித்ததா என்று செடியை இழுத்துப் பார்க்கும் பழக்கத்தை மட்டும் விட்டுவிட வேண்டும். இழுத்தால், அப்போதுதான் பற்றத் தொடங்கிய தூவிகள் அறுந்துபோகும். நுனியில் புது இலை சுருள் பிரிந்தால் வேர் பிடித்துவிட்டது என்று அர்த்தம்.

நேரடியாக மண்ணுக்குப் போகத் தயங்குபவர்களுக்கு இன்னொரு வழி இருக்கிறது. பாட்டிலில் வேர் அரும்பியதும், தினமும் ஒரு கைப்பிடி அலசிய நார்க்கழிவைப் போட்டுக்கொண்டே வந்து, தண்ணீர் ஊற்றுவதைக் குறைத்துக்கொண்டே போவது. ஒரு வாரத்தில் பாட்டிலில் தண்ணீர் போய் ஈரமான நார் மட்டும் இருக்கும். அதற்குள் வேரும் பழகியிருக்கும்.

▪ பெட்டிச் செய்தி: 1699-இல் ஒரு புதினாச் சோதனை

செடிக்கு உணவு தண்ணீரா, மண்ணா? இங்கிலாந்தின் ஜான் உட்வர்ட் 1699-இல் இதைச் சோதித்தார். புதினாத் தண்டுகளை மழைநீர், தேம்ஸ் ஆற்று நீர், லண்டன் ஹைட் பார்க் வாய்க்கால் நீர், தோட்டமண் கலக்கிய வாய்க்கால் நீர் என்று தனித்தனிக் குப்பிகளில் வைத்து எடைபோட்டார். நீர் எவ்வளவு தெளிவோ அவ்வளவு குறைவாகச் செடி வளர்ந்தது. மண் கலந்த நீரில்தான் அதிக வளர்ச்சி. செடியைக் கட்டியெழுப்புவது நீர் அல்ல, அதில் கலந்திருக்கும் மண்பொருள்கள்தான் என்று அவர் முடிவுக்கு வந்தார். 1860-வாக்கில் ஜெர்மனியின் ஜூலியஸ் ஃபான் சாக்ஸ், தேவையான உப்புகளைக் கரைத்துக் கொடுத்தால் மண்ணே இல்லாமல் செடியை முழுசாக வளர்க்கலாம் என்று காட்டினார். முற்றத்தில் பிடித்த மழைநீரும், ஆர்.ஓ. தண்ணீரும் உப்பு மிகக் குறைந்தவை. வேர் வரவைக்க நல்லவை, வருஷக்கணக்கில் செடியை வளர்க்கப் போதாதவை. பாட்டிலிலேயே வைத்திருக்க விரும்புபவர்கள், உரக்கடையில் கிடைக்கும் நீரில் கரையும் உரத்தை மிகவும் நீர்த்த அளவில் மாதம் ஒருமுறை கலக்கலாம்.

அதே பாட்டிலில் வளரும் இன்னொன்று

செடி நன்றாகத்தானே இருக்கிறது, தண்ணீரிலேயே கிடக்கட்டும் என்ற முடிவுக்கு வீட்டைத் தாண்டிய விளைவு ஒன்று உண்டு. டெங்குவைப் பரப்பும் ஏடிஸ் கொசு சாக்கடையைத் தேடிப் போவதில்லை. வீட்டுக்குள்ளும் வீட்டைச் சுற்றியும் தேங்கும் நல்ல தண்ணீரைத்தான் தேடும். முட்டை, புழு, கூட்டுப்புழு எல்லாம் கடந்து கொசுவாகப் பறக்க நம் வெப்பத்தில் ஏழிலிருந்து பத்து நாள் போதும். நிழலில், அசையாமல், வாரக்கணக்கில் நிற்கும் மணி பிளான்ட் பாட்டிலைவிட அதற்கு வசதியான இடம் ஏது?

தண்ணீரைக் கொட்டிவிட்டு வேறு ஊற்றினால் போதும் என்று நினைப்பவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். ஏடிஸ் தண்ணீர்மட்டத்துக்குச் சற்று மேலே, பாட்டிலின் உட்சுவரில் முட்டையிடுகிறது. முட்டை சுவரோடு ஒட்டிக்கொள்ளும். காய்ந்தாலும் மாதக்கணக்கில் சாகாமல் இருந்து, மறுபடி நனைந்ததும் பொரிக்கும். அதனால் வாரத்துக்கு ஒருமுறையாவது தண்ணீரைக் கொட்டி, பாட்டிலின் உட்புறத்தைத் தேய்த்துக் கழுவி, பிறகுதான் புதுத் தண்ணீர் ஊற்ற வேண்டும். வேருக்கும் புது ஆக்சிஜன் கிடைக்கும். பாட்டில் வாயைத் தண்டைச் சுற்றிப் பஞ்சோ துணியோ வைத்து அடைத்துவிட்டால் கொசு நுழையாது. வாயகன்ற ஜாடியென்றால், தண்ணீர் வெளியே தெரியாதபடி மேல்வரை கூழாங்கல் நிரப்பலாம்.

இது வெறும் பயமுறுத்தல் அல்ல. தமிழ்நாட்டில் 2017-இல் மட்டும் 23,000-க்கும் மேற்பட்டோருக்கு டெங்கு உறுதியானது. ஒவ்வொரு பருவமழைக் காலத்திலும் கொசுப்புழு ஒழிப்புப் பணியாளர்கள் வீடு வீடாக வந்து தொட்டி, டயர், ஃபிரிட்ஜின் பின்தட்டு, பூந்தொட்டித் தட்டு, மணி பிளான்ட் பாட்டில் என்று டார்ச் அடித்துப் பார்க்கிறார்கள். கொசு உற்பத்திக்கு இடம்கொடுக்கும் வீட்டுக்காரருக்கு நோட்டீஸ் கொடுக்கும் அதிகாரம் 1939-ஆம் ஆண்டின் பொதுச் சுகாதாரச் சட்டத்திலேயே இருக்கிறது. செட்டிநாட்டு நகரத்தார் குடும்பங்கள் பலவும் தலைமுறைகளாக உறவு வைத்திருக்கும் சிங்கப்பூரில் இது இன்னும் கண்டிப்பு. வீட்டில் கொசுப்புழு கண்டுபிடிக்கப்பட்டால் 200 வெள்ளி அபராதம். பூச்சாடித் தண்ணீரை மாற்றுவதும், தொட்டித் தட்டைக் கவிழ்ப்பதும் அந்த அரசு மக்களுக்குச் சொல்லிக்கொடுக்கும் முதல் பாடங்களில் சேர்த்தி.

அலங்காரச் செடித் தண்ணீர் கடல்தாண்டிக் கொசுவைக் கொண்டுசேர்த்த சம்பவமும் உண்டு. ‘லக்கி பாம்பூ’ என்று கடைகளில் விற்கிறார்களே, அது மூங்கிலே அல்ல. ஆப்பிரிக்காவைச் சேர்ந்த டிரசீனா வகை. சீனாவிலிருந்து கன்டெய்னர்களில், சில அங்குலத் தண்ணீரில் நிறுத்தி, கப்பலில் ஏற்றி அமெரிக்காவுக்கு அனுப்பினார்கள். 2001-இல் லாஸ் ஏஞ்சலஸ் துறைமுகத்தில் அந்தக் கன்டெய்னர்களைத் திறந்தபோது, ஏடிஸ் அல்போபிக்டஸ் என்ற புலிக்கொசு கூட்டமாகப் பறந்து வந்தது. கலிபோர்னியா முழுக்க அந்தச் செடி போன நர்சரிகளைத் தேடித்தேடி மருந்தடிக்க வேண்டியதாயிற்று.

செட்டிநாட்டுக்கு இதில் ஒரு தனிக்கவலை இருக்கிறது. யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியச் சின்னங்களுக்கான உத்தேசப் பட்டியலில் 2014-இல் இடம்பெற்ற இந்த ஊர்களின் பெரிய வீடுகள் பல, ஆண்டின் பெரும்பகுதி பூட்டியே கிடக்கின்றன. சென்னையிலும் கோவையிலும் வெளிநாட்டிலும் இருக்கும் பங்காளிகள் கல்யாணம், சாந்தி, படைப்பு என்று வந்து கூடுகிறார்கள். அந்த நாலைந்து நாளில் வீடு அழகாக இருக்க வேண்டும் என்று ஜாடிகளில் கொடிகள் வைக்கப்படுகின்றன. எல்லோரும் கிளம்பியதும் கதவு பூட்டப்படுகிறது. ஜாடி உள்ளேயே நிற்கிறது. கொசுப்புழு தேடி வரும் பணியாளர் பூட்டைப் பார்த்துவிட்டு அடுத்த வீட்டுக்குப் போவதைத் தவிர வேறென்ன செய்வார்? திறந்த முற்றம் வழியாகக் கொசு மட்டும் போய்வரும். ஊருக்குக் கிளம்பும் முன் பெட்டி கட்டுவதோடு பாட்டில்களைக் கவிழ்ப்பதும் சேர வேண்டும். கொடிகளைப் பக்கத்து வீட்டிலோ காவலுக்கு இருப்பவரிடமோ தொட்டியில் வைத்துக் கொடுத்துவிட்டுப் போனால், அடுத்த விசேஷத்துக்கு வரும்போது செடி பெருகியிருக்கும். மண்ணில் வேர் பிடித்த மணி பிளான்ட் வாரம் ஒரு தண்ணீரில் பிழைத்துக்கொள்ளும்.

காற்றைச் சுத்தப்படுத்துமா?

நர்சரிகளிலும் வாட்ஸ்அப்பிலும் அடிக்கடி கேட்கும் விளம்பரம் இது. ஆதாரமாகச் சொல்லப்படுவது நாசாவுக்காக 1989-இல் நடந்த ஆய்வு. அது மூடி அடைத்த சிறு பெட்டிகளில் நடந்தது. வீடு அப்படி அடைபட்ட பெட்டி அல்ல. பல ஆய்வுகளின் தரவுகளைத் தொகுத்துக் கணக்கிட்ட அமெரிக்க ஆய்வாளர்கள் 2019-இல் சொன்னது: சாதாரணமாக வீட்டுக்குள் வந்துபோகும் காற்று செய்யும் சுத்தத்துக்கு ஈடாக, ஒவ்வொரு சதுர மீட்டர் தரைக்கும் குறைந்தது பத்துச் செடியாவது வேண்டும், ஆயிரம் வரைகூடத் தேவைப்படலாம். வானம் பார்த்த முற்றத்தோடு கட்டிய செட்டிநாட்டு வீட்டுக்கு இந்த வேலையைச் செய்யச் செடி எதற்கு? கண்ணுக்குக் குளிர்ச்சி, மனசுக்குப் பிடித்திருக்கிறது என்பதே செடி வைக்கப் போதுமான காரணம். ஒரு ஜாக்கிரதை மட்டும் வேண்டும். மணி பிளான்ட்டின் இலையிலும் தண்டிலும் கால்சியம் ஆக்ஸலேட் ஊசிகள் உண்டு, பச்சைச் சேம்பைக் கடித்தால் அரிப்பதும் இதனால்தான். தவழும் குழந்தையும் பூனையும் இருக்கும் வீட்டில் பாட்டில் எட்டாத உயரத்தில் இருக்கட்டும்.

வெட்டி எறியும் கொடி எங்கே போகிறது?

கண்டியின் உடவத்தக்கலை காட்டுக்குப் போனவர்கள் பார்த்திருப்பார்கள். தரை முழுக்க மணி பிளான்ட், மரங்களின் மேலெல்லாம் மணி பிளான்ட், வீட்டுப் பாட்டிலில் பார்த்த கொடியா இது என்று நம்ப முடியாத அகலத்தில் இலைகள். அந்தச் சரணாலயத்தில் 20 ஹெக்டேருக்கும் மேல் இந்தக் கொடி மூடியிருக்கிறது. அங்கே அதைத் தின்னும் பூச்சியோ விலங்கோ கிடையாது. விதை இல்லை, பூ இல்லை. யாரோ நட்டுவைத்த துண்டுகளின் கணுக்கள்தான் அத்தனையையும் செய்தன. தரையை மூடிவிடுவதால் காட்டு மரங்களின் கன்றுகள் எழ முடிவதில்லை. ஒவ்வொரு கணுவும் ஒரு செடி என்பதால், பிடுங்கி எறிந்தாலும் விட்டுப்போன ஒரு துண்டு போதும், மீண்டும் படர.

ஆண்டுக்குச் சுமார் 900 மில்லிமீட்டர் மழையும் நீண்ட கோடையும் உள்ள செட்டிநாட்டில் அந்த அளவுக்குப் பரவுவது கடினம்தான். ஆனால் வருஷம் முழுக்க ஈரம் நிற்கும் இடங்கள் இங்கும் உண்டு. தென்னந்தோப்பின் வாய்க்கால், கிணற்றடி, ஊருணிக் கரை. அலங்காரத்துக்கென்று இந்தியாவுக்கு வந்த ஆகாயத்தாமரை எத்தனை கண்மாய்களை மூடிக்கிடக்கிறது என்று சொல்லித் தெரிய வேண்டியதில்லை. நகரத்தார் ஊர்கள் தங்கள் ஊருணிகளைப் படித்துறை கட்டிக் காத்துவந்தவை. கத்தரித்த கொடிகளையும் பாட்டிலில் பாதி அழுகிய தண்டுகளையும் குப்பையோடு அங்கே கொட்டுவது நல்லதல்ல. மொட்டைமாடி வெயிலில் பரப்பி, தண்டு நொறுங்கும் அளவுக்குக் காயவைத்த பிறகே உரக்குழியில் சேர்க்க வேண்டும். ஈரத்தோடு போட்டால் குழியிலேயே கணு வேர்விட்டு, மழை பெய்த வாரத்தில் வெளியே எட்டிப்பார்க்கும்.